வெள்ளிக்கிழமை வியர்க்கும் சுவர்

அத்தியாயம் 5

ஈரமானியின் இரண்டு ஊசிகளும் சுவரில் பட்டதுதான் தாமதம், அது வீறிட்டது.

"கேட்டியா?" என்றார் ஹெமெதி, தாமே பாடி முடித்தவர்போல. "நூத்துக்குத் தொண்ணூத்தாறு. சுவரா இது? தண்ணித் தொட்டி!"

"கேட்டுச்சுண்ணே. துறைமுகத்துல நிக்கிற கப்பலுக்கும் கேட்டிருக்கும்," என்றாள் சிவேமா, தோளிலிருந்த ஏணியை இறக்கியவாறே. "தண்ணி எங்கேருந்து வருதுன்னுதான் அது சொல்லலை."

"அதைச் சொல்லத்தான் நான் இருக்கேன்."

"அதான் எனக்குப் பயம்."

டாங்கா என்னும் துறைமுக நகரில் வீட்டு ஈரத்தை ஆராய்ந்து எழுத்தில் அறிக்கை தரும் நிபுணர் ஒருவரே, அவர் ஹெமெதி. போட்டிக்கு எவரும் இல்லாமையே தம் புகழுக்குக் காரணம் என்பதை அவர் அறியாதவர் அல்லர். தாருஸ்ஸலாம் பெருநகரில் மூன்று நாள் பயிற்சி பெற்று, ஒரு சான்றிதழும் ஓர் ஈரமானியும் கொண்டு ஊர் திரும்பியவர் அவர். சான்றிதழைக் கண்ணாடிச் சட்டமிட்டு அலுவலகச் சுவரில் மாட்டினார். அடுத்த மழைக்காலத்திலேயே கண்ணாடிக்குள் பூஞ்சை படர்ந்து, முதலில் பயிற்றுநரின் கையொப்பத்தையும், பின்னர் 'நிபுணர்' என்னும் சொல்லையும் தின்று தீர்த்தது. வருவோர் கண்ணில் அது படாதிருக்கும்பொருட்டு, அதன்மேல் ஒரு நாட்காட்டியைத் தொங்கவிட்டார். நாட்காட்டியும் இப்போது ஓரங்களில் கறுக்கத் தொடங்கியிருந்தது.

சிவேமா அவருடைய உதவியாளர். ஏணியும் ஹெமெதியின் வயிறும் ஒன்றையொன்று ஏற்க மறுத்தமையால் வேலைக்குச் சேர்க்கப்பட்டவள். நாற்பது வயது, அதில் பன்னிரண்டு ஆண்டுகளை மீன்சந்தையில் சுறாக் கருவாடு விற்றுக் கழித்தவள். அவளிடம் பேரம் பேசித் தோற்றவர்கள் இன்றும் அவளைக் கண்டால் எதிர்ச்சாரிக்குச் சென்றுவிடுகிறார்கள்.

அவர்கள் அப்போது நின்றிருந்தது, பன்னிரண்டாம் தெருவில் உள்ள மாடிவீட்டின் கீழ்த்தளத்தில். வீட்டுக்கு உரியவர் கொம்போ. துறைமுகத்தில் வழிகாட்டிப் படகு ஓட்டி ஓய்வு பெற்றவர். மேல்தளத்தில் வாடகைக்கு இருப்பவள் கிடாவா. தெருவிலுள்ள ஆண்களின் வெள்ளை அங்கிகளைத் துவைத்துக் கஞ்சி போட்டுத் தேய்த்துத் தரும் தொழிலினள். கொம்போவின் முன்னறைச் சுவர் ஓராண்டாக ஈரம் கசிந்துகொண்டிருந்தது. மழைக்காலம் முடிந்து ஒன்றரை மாதமாகியும் நிற்கவில்லை.

இரண்டு வாரங்களுக்கு முன்னர், சிவேமா காய்ச்சலில் படுத்திருந்த ஒரு நாளில், ஹெமெதி தனியாக இங்கே வந்தார். சுவரில் ஊசியை அழுத்தினார். கருவி அலறியது. மேலே துவைக்கும் சத்தம் கேட்டது. இரண்டையும் கூட்டினார். 'கசிவு மேல்தளத்திலிருந்து வருகிறது' என்று ஒரு கடிதம் எழுதிக் கையொப்பமிட்டார். அதற்குச் செலவான நேரம், கொம்போ கொடுத்த இஞ்சிக் காபி ஆறும் நேரத்தினும் குறைவு. அந்தக் கடிதத்தைக் கொண்டே கொம்போ, வீட்டைக் காலி செய்யுமாறு கிடாவாவுக்கு அறிவித்துவிட்டார்.

இன்று வெள்ளிக்கிழமை. ஜும்மா தொழுகைக்கு முன்பாக முழு அறிக்கை, பத்து வீடுகளுக்கு ஒருவராக இருந்து வழக்குத் தீர்க்கும் 'பத்து வீட்டுத் தலைவரின்' கைக்குப் போய்ச் சேரவேண்டும். அதுவும் கடிதத்தை வழிமொழிந்தால், ஞாயிற்றுக்கிழமை கிடாவா தெருவில் நிற்பாள். நாற்பது அங்கிகளை உலர்த்தத்தக்க மொட்டைமாடியோடு கூடிய இன்னொரு வாடகை வீடு அந்த வட்டாரத்தில் இல்லை.

உள்ளறையிலிருந்து கொம்போ வந்தார். குள்ளமான, துப்புரவான முதியவர். தொழில் தெரிந்தவரை அவ்வூரார் அழைப்பதுபோல், அவரும் ஹெமெதியை 'ஃபுண்டி' என்றே அழைப்பார்.

"ஷிகமூ, பெரியவரே," என்று மூத்தோருக்குரிய வணக்கம் சொன்னார்கள் இருவரும்.

"மரஹபா. 'மேலேருந்து'ன்னு ஒரு வரி எழுதணும், அவ்வளவுதானே ஃபுண்டி? அதுக்கு ஏணி எதுக்கு?"

"முறைப்படி செய்யணும் பெரியவரே."

"போன தடவை முறை இல்லாமலா செஞ்சீங்க?"

அதற்குரிய நேர்மையான விடை ஹெமெதியின் நாவில் வந்து நின்றது. அவர் ஈரமானியின் ஊசிகளைச் சட்டை நுனியால் துடைக்கலானார்.

"வெள்ளிக்கிழமை காலையிலதான் ரொம்ப மோசம்," என்றார் கொம்போ. "ஏன் தெரியுமா? வியாழக்கிழமைதான் அவ மூட்டை மூட்டையா துவைக்கிறா. ஊர் ஆம்பளைங்க எல்லாருக்கும் ஜும்மாவுக்கு வெள்ளை உடுப்பு வேணுமே! அவ அங்க புழியுறா, இங்க என் சுவர் அழுவுது."

காரணம் கச்சிதமாக இருந்தது. இவ்வளவு கச்சிதமான காரணத்தைத் தாமாகவே கண்டுபிடிக்கவில்லையே என்று ஹெமெதி சற்று வருந்தினார்.

அதற்குள் சிவேமா ஏணியின் உச்சிப்படியில் நின்றாள்.

"அண்ணே, போன தடவை கூரைப் பக்கம் அளந்தீங்களா?"

"எல்லாப் பக்கமும் அளந்தேன்."

"அளந்த இடமெல்லாம் பென்சில் புள்ளி வச்சிருக்கீங்க. ஏழு புள்ளி. ஏழும் உங்க நெஞ்சு உயரத்துல இருக்கு. கீழே குனியவும் இல்லை, மேலே ஏறவும் இல்லை."

ஹெமெதி காதில் செருகியிருந்த பென்சிலை எடுத்துப் பைக்குள் மறைத்தார்.

"இங்க மூலையில ஒரு சிலந்தி குடியிருக்கு. வலை முழுக்கத் தூசி, உலர்ந்த தூசி. முட்டைப் பை வேற தொங்குது. மேலேருந்து தண்ணி இறங்குற மூலையில பிள்ளை பெத்துக்க எந்தச் சிலந்திக்கு மனசு வரும்?" அவள் கை நீட்டினாள். "அந்தக் கத்துற பெட்டியைக் குடுங்க."

கூரையை ஒட்டிய சுவரில் ஊசிகள் பதிந்தன. ஈரமானி வாயைத் திறக்கவில்லை. ஒரு முழம் கீழே வைத்தாள், அப்போதும் மௌனம். தண்ணீர் மேலிருந்து வருவதாயின், கூரையைத் தொடாமல் சுவரின் நடுவில் குதித்திருக்கவேண்டும்.

தம் இடுப்பு வளையாத ஒரே காரணத்தால் ஒரு பெண்மணியின் குடியைக் கெடுக்க இருந்த நிபுணரை நினைத்தபோது, ஹெமெதிக்குச் சற்று வியர்த்தது.

மேலே கிடாவா அவர்களை வாசலிலேயே எதிர்கொண்டாள். ஐம்பதைத் தொட்ட வயது. துவைத்துத் துவைத்து உரமேறிய கைகள். அறைக்குள் மூட்டைகள் கட்டப்பட்டிருந்தன.

"வாங்க ஃபுண்டி. சரியாக் கட்டியிருக்கேனான்னு பார்க்க வந்தீங்களா?"

"கசிவு சோதனை செய்ய வந்தோம்."

"கையெழுத்துப் போட்டதுக்கு அப்புறம் சோதனையா? புது மாதிரி படிப்பா இருக்கே!"

"தாருஸ்ஸலாம் படிப்புக்கா," என்றாள் சிவேமா. "மூணே நாள்ல முடிஞ்சிடும்."

கிடாவா சிரிக்கவில்லை. "வீடு போறது ஒரு பக்கம் இருக்கட்டும். இருபத்தேழு வீட்டுத் துணி வந்துச்சு எனக்கு. இப்ப மூணு வீட்டுத் துணிதான் வருது. சுவரை அழ வச்சவ கண்ணு துணி மேல பட்டா என்ன ஆகும்னு பயப்படுறாங்க. நான் கண்ணு போடுறவளாம்! உங்க கடுதாசி வந்த அன்னைக்கு ஆரம்பிச்ச பேச்சு."

ஹெமெதி வேலையில் இறங்கினார். துவைக்கும் தளத்தில் சாயநீரை ஊற்றிக் காத்திருக்கவேண்டும். கீழ்ச்சுவரில் சாயம் தெரிந்தால் கசிவு உண்டு. சாயத்துக்கு எங்கும் போகவேண்டியதில்லை. சலவைக்காரியின் வீட்டில் நீலத்துக்கா பஞ்சம்? ஒரு சிட்டிகை போதுமானது. தம் புலமையை நிலைநாட்டவேண்டிய நெருக்கடியில் இருந்த ஹெமெதி, முழுப் பொட்டலத்தையும் வாளியில் கொட்டிக் கலக்கி, வாளியை உயர்த்தி வீசி ஊற்றினார். தண்ணீரில் முக்கால் பங்கு தளத்தில் விழுந்தது. மீதி, கொடியில் தொங்கிய அங்கி ஒன்றின்மேல் விழுந்தது.

மூவரும் அந்த அங்கியைப் பார்த்தனர்.

"அது யாரோடது?" என்று கேட்டார் ஹெமெதி.

"கீழ் வீட்டுப் பெரியவரோடது. இன்னும் ரெண்டு மணி நேரத்துல அதைப் போட்டுக்கிட்டுப் பள்ளிவாசலுக்குப் போகணும்."

"காலி பண்ணச் சொன்ன மனுஷன் துணியையா துவைக்கிறீங்க?"

"வெள்ளைத் துணி என்ன பாவம் பண்ணுச்சு?"

"இப்ப அது வெள்ளைத் துணி இல்லைக்கா," என்றாள் சிவேமா.

சாயம் இறங்குவதற்குக் காத்திருக்கையில், கிடாவா அங்கியை அலசிக்கொண்டே இன்னொன்றும் சொன்னாள். "போன மாசம் மலைமேல லுஷோட்டோவுல எங்க அக்கா மவுத்து, அடக்கத்துக்குப் போயிருந்தேன். ஒம்பது நாள் இந்த வீடு பூட்டிக் கிடந்துச்சு. ஒரு சொட்டுத் தண்ணி இங்க விழலை. நடுவுல ஒரு வெள்ளிக்கிழமை வந்துச்சு. அன்னைக்குத்தான் சுவர் எப்பவும் இல்லாத மாதிரி நனைஞ்சுதாம். மலைமேல போனாலும் அவ கண்ணு இங்கேயேதான் இருந்துச்சுன்னு, உங்க கடுதாசி வந்ததும் பெரியவர் தெரு முழுக்கச் சொல்லியிருக்காரு."

ஹெமெதியும் சிவேமாவும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டனர். ஒருவரும் துவைக்காத வியாழனுக்கு அடுத்த வெள்ளியன்று சுவர் மிகுதியாக நனைந்திருக்கிறது!

அரைமணி கழிந்தது. தெருவோரச் சாக்கடையில் நீலநிறம் கம்பீரமாக ஓடியது. கீழ்ச்சுவரிலோ மருந்துக்கும் நீலம் இல்லை. மேல்தளத்துத் தண்ணீர் தனக்குரிய குழாய்வழியே ஒழுங்காக வெளியேறிக்கொண்டிருந்தது.

"அப்படின்னா தரையிலேருந்து ஏறுது," என்றார் ஹெமெதி, முன்னறைக்குத் திரும்பியதும். ஒரு தவறான கருத்தைக் கைவிட்ட உடனே அடுத்த தவறான கருத்தைப் பற்றிக்கொள்ளும் வேகம் அவரிடம் எப்போதும் உண்டு.

சிவேமா முழங்காலிட்டுச் சுவரின் அடியைத் தொட்டாள். "முழங்காலுக்குக் கீழே காய்ஞ்சு கிடக்கு. மேலேருந்தும் வரலை, கீழேருந்தும் வரலை. நடுவுல மட்டும் ஈரம். அண்ணே, இந்த அலமாரியைக் கொஞ்சம் பிடிங்க."

சுவரை ஒட்டி நின்ற கனத்த அலமாரியை இருவரும் நகர்த்தினர். அதன் பின்னால் இருந்த சுண்ணாம்புப் பூச்சு, அடித்த நாளில் இருந்தவாறே வெள்ளையாகவும் உலர்ந்தும் இருந்தது. அலமாரியின் அளவுக்கு நறுக்கியதுபோல் ஒரு செவ்வகம். அதன் இரு ஓரங்களிலும் ஈரம்.

"ரொம்ப நல்ல வளர்ப்பு இந்தத் தண்ணி," என்றாள் சிவேமா. "அலமாரியைப் பார்த்ததும் மரியாதையா ஒதுங்கிப் போயிருக்கு."

ஹெமெதி ஈரத்தின் மேல்விளிம்பை முதன்முறையாக ஊன்றிப் பார்த்தார். அது நேர்கோடாக இல்லை. மலைத்தொடரை வரைந்ததுபோல் வளைவு வளைவாகச் சென்றது. ஒவ்வொரு வளைவின் ஓரத்திலும் வெண்மையான நுண்பொடி பூத்திருந்தது. சிவேமா அதை விரலால் தொட்டு நாவில் வைத்தாள். அவளுடைய கண்கள் விரிந்தன.

"நக்கிப் பாருங்க."

"நான் ஒரு நிபுணன், சிவேமா."

"அதனாலதான் சொல்றேன். நக்குங்க."

அவர் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டுத் தொட்டு நக்கினார்.

உப்பு.

அக்கணத்தில் ஹெமெதியின் நினைவில் ஒரு மூடிய கதவு திறந்தது. பயிற்சியின் மூன்றாம் நாள், பிற்பகல். மதியம் பிலாவ் கொடுத்திருந்தார்கள். அவர் இரண்டு தட்டு உண்டிருந்தார். பயிற்றுநர் உப்பைப்பற்றி ஏதோ விளக்கிக்கொண்டிருந்தார். அரைத்தூக்கத்திலிருந்த ஹெமெதி, பிலாவில் உப்பு மிகுந்துவிட்டது என்று யாரோ குறைகூறுவதாக எண்ணி, 'எனக்குச் சரியாகத்தான் இருந்தது' என்று உரக்கச் சொல்லிவிட்டு மீண்டும் உறங்கிப்போனார். உப்பு ஏறிய சுவரில் ஈரமானி உள்ளதைவிடப் பன்மடங்கு மிகுத்துக் காட்டும் என்பதே அன்றைய பாடம். அது இப்போதுதான் வந்து சேர்ந்தது.

"மழைக்காலத்துல உப்பு ஜாடி கசியும் பார்த்திருக்கீங்களா?" என்று கிசுகிசுத்தாள் சிவேமா. "ஜாடியில ஓட்டையா இருக்கு? காத்துல இருக்கிற தண்ணியை உப்பு குடிக்குது. இந்தச் சுவரும் அதைத்தான் பண்ணுது. கடலோ நாலு தெரு தள்ளி. குடிக்கக் கேட்கணுமா? ஆனா இவ்வளவு உப்பு தானா வராதுண்ணே. யாரோ போட்டிருக்காங்க."

ஹெமெதி மீண்டும் அந்த வளைவுகளை நோக்கினார். தம் கையை உயர்த்தி ஒரு வளைவின்மேல் வைத்துப் பார்த்தார். கை அதனைத் தாண்டி ஒரு சாண் மேலே சென்றது. சிவேமா உயர்த்தினாள், அவளது கையும் தாண்டியது. இருவரும் ஒரே சமயத்தில் உள்ளறையின் பக்கம் திரும்பினர்.

"பெரியவரே!" என்று அழைத்தார் ஹெமெதி. "ஒரு சின்ன உதவி. இந்த அளவு நாடாவோட நுனியைச் சுவர்ல பிடிக்கணும். எவ்வளவு உயரம் எட்டுமோ அவ்வளவு உயரம்."

கொம்போ வந்தார்; குதிகாலை உயர்த்தி எட்டிப் பிடித்தார். அவருடைய விரல்நுனி, ஒரு வளைவின் உச்சியில் நூலிழை பிசகாமல் போய் நின்றது.

"அப்படியே கையைப் பக்கவாட்டுல இறக்குங்க."

கை வளைந்து இறங்கியது. ஈரத்தின் விளிம்பும் அதனோடு வளைந்து இறங்கியது.

"இப்ப ஒரு அடி தள்ளி நின்னு, இன்னொரு தடவை."

அடுத்த வளைவு. அடுத்த கை. கொம்போ தம் கையையும் சுவரையும் மாறிமாறிப் பார்த்தார். நாடா அவர் கையிலிருந்து நழுவியது. அவர் மெல்ல நாற்காலியில் அமர்ந்தார்.

"கல்லுப்புத் தண்ணி," என்றார், தரையைப் பார்த்தவாறு. "என் பொண்ணுக்கு ரெண்டு தடவை நிச்சயம் ஆச்சு. ரெண்டும் நின்னு போச்சு. காரணமே சொல்லலை. பங்கானியில ஓதிக் குடுக்கிற ஒருத்தர்கிட்ட போனேன். வீட்டுமேல கண்ணேறு இருக்குன்னாரு. வியாழக்கிழமை பொழுது சாயுற நேரம், கல்லுப்பைக் கரைச்சு முன்னறைச் சுவரைத் துணியால தேய்க்கணும். ஏழு வாரம். சுவர் தானா காய்ஞ்சா கண்ணேறு போச்சுன்னு அர்த்தம்."

"காயலை," என்றார் ஹெமெதி.

"காயலை. காயலைன்னா கண்ணு வச்சவ பக்கத்துலேயே இருக்கான்னு சொன்னாரு. நிறுத்தாம தேய்ச்சேன். அவ ஊருக்குப் போயிருந்த வாரம், இதுதான் சமயம்னு ரெண்டு பங்கு உப்பு போட்டேன்."

"மொத்தம் எத்தனை வாரம் பெரியவரே?"

"அறுபது இருக்கும்."

சிவேமா நெடுமூச்செறிந்தாள். "பன்னிரண்டு வருஷம் கருவாடு போட்டேன். சுறாவுக்குக்கூட நான் இந்த அளவு உப்பு வச்சதில்லை."

"இதைப் போன தடவையே என்கிட்ட சொல்லியிருக்கலாமே!" என்றார் ஹெமெதி.

"நீங்க கேட்டீங்களா? வியாதியைப் பார்க்க வந்தவர்கிட்ட மருந்தைப் பத்தி எதுக்குச் சொல்லணும்? நான் குணமாக்குறதாத்தான் நெனச்சேன்."

அவர் கேட்கவில்லை என்பது உண்மை. அன்று அவர் கேட்ட ஒரே கேள்வி, காபியில் இன்னும் கொஞ்சம் இஞ்சி கிடைக்குமா என்பதுதான்.

"ஃபுண்டி," கொம்போவின் குரல் தாழ்ந்தது. "நான் பள்ளிவாசல் நிர்வாகத்துல இருக்கேன். ஓதிக் குடுக்கிறவன் பின்னால அலைஞ்சேன்னு அறிக்கையில எழுதிடாதீங்க. என் பொண்ணுக்கு மூணாவதா ஒரு இடம் பேசிக்கிட்டிருக்காங்க."

ஹெமெதி மேசையருகே அமர்ந்து தாளை எடுத்தார். வழக்கமாகத் தங்குதடையின்றி ஓடும் பேனா, அன்று சொல்லுக்குச் சொல் நின்றது. 'மேல்தளத்தில் கசிவு இல்லை. சுவரின் பூச்சில் உப்பு மிகுந்துள்ளது. அது காற்றின் ஈரத்தை ஈர்க்கிறது. சுவரைக் கழுவுதல் கூடாது. உப்பை உலர்ந்த தூரிகையால் துடைத்தகற்றி, பழைய பூச்சைப் பெயர்த்துவிட்டுப் புதிதாகச் சுண்ணாம்பு பூசுதல் வேண்டும். இரண்டு வாரங்களுக்கு முன்னர் நான் அளித்த கடிதம் முழுவதும் தவறு. கைக்கு எட்டிய இடத்தில் மட்டும் அளந்துவிட்டு, ஒருவரையும் விசாரியாமல் எழுதினேன். மேல்தளத்தில் குடியிருப்பவரிடம் ஒரு குற்றமும் இல்லை.' உப்பைப் பூசியவர் யார் என்பதை அவர் எழுதவில்லை.

சிவேமா தோளுக்குப் பின்னால் நின்று படித்தாள். "அண்ணே, நீங்க எழுதினதுலயே பிழையில்லாத அறிக்கை இதுதான். பிழையைப் பத்தி மட்டும் எழுதினதால இருக்குமோ?"

அறிக்கையைக் கிடாவாவிடம் கொண்டுபோய்க் கொடுத்தனர். அவள் ஈரக்கையை இடுப்புத் துணியில் துடைத்துக்கொண்டு, இருமுறை படித்தாள். பின்னர் மடித்து அவரிடமே நீட்டினாள்.

"நல்லா எழுதியிருக்கீங்க. வீடு தங்கிச்சு, சந்தோஷம். ஆனா உங்க முதல் கடுதாசியை இந்தத் தெருவுல எத்தனை பேர் படிச்சாங்கன்னு நெனைக்கிறீங்க?"

"தெரியலை."

"ஒருத்தர்கூட படிக்கலை. எல்லாரும் காதாலதான் கேட்டாங்க. இதையும் நான் பெட்டியில வச்சுக்கிட்டா, துணி குடுக்காத இருபத்து நாலு வீட்டுக்கும் எப்படித் தெரியும்? நீங்க வந்து வாயால சொல்லுங்க, ஃபுண்டி. பத்து வீட்டுத் தலைவர்கிட்ட ஆரம்பிப்போம். ஜும்மாவுக்குக் கிளம்புற நேரம், எல்லாரும் வீட்டுலதான் இருப்பாங்க."

ஹெமெதி தம் வாழ்நாளில் பல வாசல்களில் நின்றிருக்கிறார். அவற்றுள் ஒன்றிலேனும் 'நான் தவறிழைத்தேன்' என்று சொல்வதற்காக நின்றதில்லை. பாதிப் படி இறங்கியதும் திரும்பி மேலேற முயன்றார். ஆனால், ஏணியைத் தூக்கிக்கொண்டு பின்னால் நின்ற சிவேமா படிக்கட்டை முழுவதுமாக அடைத்திருந்தாள், முன்னோக்கியே செல்லவேண்டியதாயிற்று.

தலைவரின் வீடு எதிர்ப்புறம் மூன்றாவது.

"ஹோடி!" என்று உள்ளே வர அனுமதி கேட்டுக் குரல் கொடுத்தார் ஹெமெதி. அது அவருக்கே சரியாகக் கேட்கவில்லை.

கதவு திறந்தது. தலைவர் பாதி பொத்தானிட்ட அங்கியுடன் வெளியே வந்தார். திறந்த கதவுகள் வழியே அக்கம்பக்கத்துத் தலைகளும் எட்டிப் பார்த்தன. ஹெமெதி அறிக்கையை நீட்டினார். அதிலுள்ளவற்றைச் சொல்லிலும் சொன்னார். தாம் அளந்தது தவறு; எழுதியது தவறு; கிடாவாவின் தண்ணீர் ஒரு துளியும் அந்தச் சுவருக்கு வரவில்லை; உப்புதான் சுவரை நனைத்தது.

தலைவர் காதருகே கையைக் குவித்துக் கேட்டார். "என்ன, உப்பா? சுவருக்கு உப்பு எப்படி வரும்? யார் வச்சது?"

ஹெமெதி தம் செருப்பைப் பார்த்தார். சிவேமா வானத்தைப் பார்த்தாள். அவிழ்க்க ஒரு முடிச்சு மிஞ்சியிருந்தது. அதை அவிழ்க்கும் உரிமை அவர்கள் இருவருக்கும் இல்லை.

"நான்."

அனைவரும் திரும்பினர். தெருவின் நடுவே, வெறுங்காலுடன், கிடாவாவின் கொடியிலிருந்து எடுத்த, தோளில் நீலத்திட்டு உலராத அங்கியை அணிந்து கொம்போ நின்றிருந்தார். தம் வாசலோடு நின்றுவிடாமல், தொப்பி வைத்துக்கொள்ளவும் மறந்து, அவர்களைத் தொடர்ந்து வந்திருக்கிறார்.

"நான்தான் பூசினேன். அந்தம்மா மேல தப்பு இல்லை."

தலைவருக்கு அது எட்டவில்லை. "யாரு? என்ன சொல்றாரு?"

கிடாவா முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு, முதியவருக்குப் பக்கத்தில் வந்து நின்றாள்.

"இன்னும் கொஞ்சம் சத்தமா சொல்லுங்க பெரியவரே. தலைவருக்குக் காது மந்தம். இங்க முடிச்சுட்டு, இன்னும் இருபத்து நாலு வீட்டுக்குப் போகணும்."